எட்டுக் கிராமங்களின் வரைபடம்

எண்பதுகளின் கடைசியில் லண்டனில் ஒரு பல்கலைக்கழகத்துக்குப் பக்கத்திலிருந்த போட்டோகொப்பிக் கடையில் வேலை செய்தேன். ஊரில் உதவி அரசாங்க அதிபர் கந்தோரில் பன்னிரண்டு வருடம் கிளாக்கராக இருந்தவன் நான்.

கடைக்கு ஒரு ஜப்பானிய மாணவன் அடிக்கடி வருவான். தான் பிறந்த மாவட்டத்தின் நிர்வாக வரலாற்றை ஆராய்ந்துகொண்டிருந்தான். மலையடிவாரத்தில் நெல் விளையும் சின்ன மாவட்டம். நூறு வருடத்துக்கு முன், மெய்ஜி பேரரசர் காலத்தில் சிற்றூர்களையெல்லாம் சேர்த்து எட்டுக் கிராமங்களாக்கினார்களாம். உலக யுத்தத்துக்குப் பிறகு அந்த எட்டும் ஒரே நகரமாயின. மாவட்டக் கந்தோர் அதற்கு முன்பே மூடப்பட்டுவிட்டது. மாவட்டத்தின் பெயர் கடித முகவரியில் மட்டும் மிஞ்சியிருக்கிறது. நகரசபைக் கட்டடம் எங்கே வருவது என்ற சண்டையில் அவனுடைய கிராமம் கடைசிவரை சேர மறுத்துப் பிறகுதான் இணங்கியதாம். அதற்காக நடந்த கூட்டங்களில் யார் என்ன பேசினார் என்பதுகூட எழுதிவைக்கப்பட்டிருக்கிறதாம்.

"எங்கள் கிராமம் அழிந்துவிட்டது" என்று ஒருநாள் கவலையோடு சொன்னான்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஊரில் நடந்த யுத்தத்தில் எங்கள் கந்தோரை எரித்தபோது காணிப் பதிவேடுகளும் கிராமசேவகர் பிரிவுகளின் வரைபடங்களும் ஒன்றுமில்லாமல் போயின. அவற்றில் பாதி என் கையெழுத்து. இவனோ ஒவ்வொரு எல்லைக்கோட்டுக்கும் சான்று வைத்துக்கொண்டு அழிவைப் பற்றிப் பேசுகிறான்.

அன்று எட்டுக் கிராமங்களையும் நிறம் தீட்டிக் காட்டிய வரைபடம் ஒன்றை மெஷினிலேயே மறந்துவிட்டுப் போனான். எடுத்துப் பைக்குள் வைத்துக்கொண்டேன். மறுநாள் பதறியடித்து வந்து கேட்டான். காணவில்லை என்றேன்.

பிளேஸ்டோவில் நாங்கள் வாடகைக்கு இருந்த அறையில் கட்டிலில் விரித்துவைத்துப் பார்த்தேன். ஓர் எழுத்தும் விளங்கவில்லை. ஆனால் வாய்க்கால் வழியே எல்லை பிரித்திருந்த விதம் விளங்கியது. நாங்களும் அப்படித்தான் பிரித்தோம்.

"ஆருடைய படம் இது?" என்று மனைவி கேட்டாள். சொன்னேன். அவள் படத்தை மடித்து என் கையில் தந்தாள். "அந்தப் பெடியனோ எங்கடை கந்தோரை எரிச்சவன்? கொண்டுபோய்க் குடுங்கோ."

கொடுக்க மனம் வர ஒரு மாதம் எடுத்தது. ஒருநாள் அவன் வந்தபோது மேசையில் வைத்து, நான்தான் எடுத்தேன் என்றேன். அவன் கோபிக்கவில்லை. பையிலிருந்து அதே வரைபடம் இன்னொன்றை எடுத்துக் காட்டினான். நகரசபைக்கு எழுதினானாம்; தபாலில் அனுப்பிவிட்டார்கள்.

ஏன் எடுத்தீர்கள் என்று மெதுவாகக் கேட்டான்.

"உனக்கு எழுதிக் கேட்க ஒரு கந்தோர் இருக்கிறது" என்று எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னேன். அவன் தலையைக் குனிந்துகொண்டான். அதற்குப் பிறகு என் முன்னால் அழிவு என்ற சொல்லை அவன் சொன்னதில்லை.

அடுத்த வருடம் அவனுடைய ஆய்வேட்டுக்கு அட்டை போட்டுக் கட்டிக்கொடுத்தவன் நான்தான். ஒரு பக்கமும் கோணாமல் கட்டினேன். பொறாமை மட்டும் அப்படியே இருந்தது.