செருப்பைக் கழற்றும் காட்சி

எங்கள் சினிமா வழக்கத்தில் கதையை எழுதிக் கொடுப்பதில்லை. நடித்தே சொல்ல வேண்டும். நானும் ஒரே கதையை ஒன்பது வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். தி.நகர் ஆபீஸ்களில் அழுதார்கள், கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள், "சூப்பர் சார், சொல்லி அனுப்பறோம்" என்றார்கள். ஒருத்தரும் சொல்லி அனுப்பவில்லை.

நண்பர் ஒருவர் மூலம் கதைச் சுருக்கம் சீனாவுக்குப் போனது. அங்கிருந்து ஒரு திரைக்கதை எழுத்தாளர் முழுக் கதையையும் கேட்க மயிலாப்பூரில் எங்கள் வீட்டு ஹாலுக்கே வந்து உட்கார்ந்துவிட்டார். ஐம்பது வயது அம்மாள், குட்டை முடி. கூடவே, கிண்டியில் ஒரு கம்பெனியில் மொழிபெயர்ப்பாளராக இருக்கும் பெண். பிடித்தால் அங்கே படமாகும். இதுவும் போனால் கதையை மூட்டை கட்டிவிடுவது என்று முடிவு செய்திருந்தேன்.

ஓடினேன், உருண்டேன், சோபாவை ரயிலாக்கினேன். கிளைமாக்ஸ் வந்தது. கோபித்துக்கொண்டு போன நாயகி இருபது வருடம் கழித்துப் புருஷன் வீட்டு வாசலில் வந்து நிற்கிறாள். இருவரும் பார்த்துக்கொள்கிறார்கள். "அவ்வளவுதான்" என்று கைகூப்பினேன். சீன அம்மாள் மரியாதைக்குத் தலையாட்டினார்.

சமையலறையிலிருந்து என் மனைவி கத்தினாள். "ஏன்னா! அவ செருப்பைக் கழட்டி அவரோட செருப்புக்குப் பக்கத்துல விடுவாளே, அதைச் சொல்லவே இல்லையே!"

அட கடவுளே! பதற்றத்தில் கதையின் உயிரையே விட்டுவிட்டேன். இனி போகமாட்டாள் என்பதற்கு அந்தச் செருப்புதானே சாட்சி!

அந்தப் பெண் மொழிபெயர்த்ததும் சீன அம்மாள் தொடையில் தட்டிச் சிரித்தார், கண்ணும் கலங்கியது. "செருப்பு யார் யோசனை?" என்று கேட்டார்.

"என்..." என்று ஆரம்பித்தேன். கரண்டியோடு மனைவி வந்து நின்றாள். அது அவள் சொன்னது. அது அவள் யோசனை என்று ஒன்பது வருடமாக ஓர் இடத்திலும் நான் சொன்னதில்லை. மறந்துபோச்சு என்றால் அது சுத்தப் புளுகு.

"இவளோடது" என்றேன்.

சீன அம்மாள் தன் கதையைச் சொன்னார். முதல் எட்டு வருடம் அவர் எழுதியதெல்லாம் வேறொருவர் பெயரில் வந்ததாம். தியேட்டரில் அம்மாவிடம், "இந்த வசனம் என்னுது" என்பாராம். "சும்மா இரு, படத்தைப் பாரு" என்பாராம் அம்மா. சொல்லிவிட்டு அவரே விழுந்து விழுந்து சிரித்தார்.

அப்புறம் ஒப்பந்தத்தை எடுத்தார். கதாசிரியர் கையெழுத்துக்கு ஒரே ஒரு கோடுதான் இருந்தது. அதன் கீழே இன்னொரு கோடு இழுத்து, பேனாவை என் மனைவியிடம் நீட்டினார்.

அவள் புடவைத் தலைப்பில் கையைத் துடைத்துக்கொண்டாள். "ஏன்னா, நான் கீழ போட்டுக்கறேன்" என்றாள்.

"மேலயே போடு" என்றேன்.