நாங்கள் இருவரும் செட்டல்

மலேசியாவின் கிள்ளானில், ரோட்டோரத்தில் ஓர் ஒட்டுக்கடை. மேசையைச் சுற்றி இருந்தவர்கள்: கையில் மாவுக்கட்டோடு நான். எதிரே, என்னை இடித்த வேன் அக்கா. அவர் பக்கத்தில் வாய் திறக்காத அவர் கணவர். என் பக்கத்தில், எனக்கும் சேர்த்துப் பேச வந்த மச்சான். மேசை நடுவில், தே தாரிக் டீ கிளாஸ்களுக்கு இடையே, என் மோட்டார் சைக்கிளின் உடைந்த இடதுபக்கக் கண்ணாடி. ஆதாரம் வேண்டும் என்று மச்சான்தான் அதைக் கொண்டுவந்து வைத்தான்.

அக்கா பள்ளி வேன் ஓட்டுபவர். விபத்தன்று காலை பன்னிரண்டு பிள்ளைகளோடு தாமான் வீடுகளுக்கு நடுவிலிருந்து பெரிய ரோட்டுக்கு வந்தவர் முனையில் நிற்கவில்லை. நான் டயர் கடைக்கு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். மோட்டாரோடு விழுந்தேன். இடது கை முறிந்தது. அவர் வேனை எடுத்துக்கொண்டு ஓடவில்லை. தன் துப்பட்டாவால் என் கையைக் கட்டினார். ஆம்புலன்ஸ் வரும்வரை என் முகத்தில் வெயில் படாமல் நின்றார். அதனால்தான் நான் அந்த மேசைக்கே வந்தேன்.

ஆஸ்பத்திரிச் செலவு, மோட்டார் ரிப்பேர், வேலைக்குப் போகாத நாட்களுக்குச் சம்பளம், எல்லாவற்றுக்கும் அக்கா ஒத்துக்கொண்டார். மச்சான் ஒரு தாளில் எழுதினான். ‘இத்தோடு கேஸ் முடிந்தது’ என்பது கடைசி வரி. இருவரும் கையெழுத்துப் போட்டோம்.

“நல்லவேளை, லெஃப்ட் கையா பாத்து இடிச்சீங்கக்கா. இல்லேன்னா இவன் எப்படி சைன் பண்றது?” என்றான் மச்சான். அதுவரை பேசாதிருந்த கணவர் சிரித்துவிட்டார். தே தாரிக்குக் காசும் அவர்தான் கொடுத்தார்.

மறுநாள் அந்தத் தாளோடு அக்காவும் நானும் போலீஸ் நிலையத்துக்குப் போனோம். கொடுத்தால் ஃபைலை மூடிவிடுவார்கள் என்று நினைத்தோம். சார்ஜன் தமிழர். நிதானமாகப் படித்தார்.

“நீங்க ரெண்டு பேரும் செட்டல். நல்லது. கவர்மெண்ட் இன்னும் செட்டல் ஆகலையே.”

கைக்கும் மோட்டாருக்கும் பேசி முடிக்கலாம், முனையில் நிற்காமல் வந்த குற்றத்தை நீங்கள் பேசி முடிக்க முடியாது என்றார். அது கோர்ட்டுக்குப் போகும். நான் சாட்சி.

அக்கா ஒன்றுதான் கேட்டார். “லைசென்ஸ் போயிருமா சார்?”

“அது மேஜிஸ்ட்ரேட் கையிலக்கா.”

கணவருக்கு அப்போது வேலை இல்லை. அந்த வேனில்தான் வீடு ஓடியது. விஷயம் பரவியதும் பெற்றோர்கள் பிள்ளைகளை ஒவ்வொருவராக நிறுத்திக்கொண்டார்கள். கோர்ட் தேதி வந்தபோது வேனில் மூன்று பேர்தான்.

“ஞாபகம் இல்லேன்னு சொல்லிடு லா. அடிபட்டவன் சொன்னா யாரு நம்ப மாட்டாங்க?” என்றான் மச்சான். எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. அக்கா வீட்டுக்குப் போய்ச் சொன்னேன். வேனைக் கழுவிக்கொண்டிருந்தவர் பைப்பை மூடினார்.

“எனக்காக பொய் சொல்லாத தம்பி. பின்னால பன்னெண்டு பேரு உக்காந்திருந்தாங்க. நான் நிக்கலேன்னு அவங்களுக்குத் தெரியும்.”

மறுபடி பைப்பைத் திறந்தார்.

கோர்ட்டில் அக்கா குற்றத்தை ஒத்துக்கொண்டார். என்னைச் சாட்சி சொல்லக் கூப்பிடவே இல்லை. மேஜிஸ்ட்ரேட் எங்கள் தாளைப் படித்துவிட்டு, அடிபட்டவர் வந்திருக்கிறாரா என்று கேட்டார். நான் இடது கையைத் தூக்கினேன். கை சரியாகிவிட்டதா என்றார். தூக்கிய கையை ஆட்டிக் காட்டினேன். அபராதம் போட்டார். லைசென்ஸில் கை வைக்கவில்லை. இருவரும் பேசி முடித்துக்கொண்டதையும் பார்த்துத்தான் இந்தத் தண்டனை என்றார். தான் எழுதிய தாள் கோர்ட் வரைக்கும் போயிருக்கிறது என்று மச்சான் இன்றும் சொல்லிக்கொண்டு திரிகிறான்.

அந்தத் தாள் கேஸை மூடும் என்று நம்பினோம். மூடவில்லை. மூடியிருந்தால், ‘நான் நிற்கவில்லை’ என்று அக்கா நாலு பேர் முன்னால் சொல்லும்படி ஆகியிருக்காது. கோர்ட்டில் சொன்னதையே பிறகு ஒவ்வொரு பெற்றோர் வீட்டு வாசலிலும் போய்ச் சொன்னாராம். இனி நிற்பேன் என்றாராம். வேறு எதுவும் கேட்கவில்லையாம்.

அக்கா வாங்கிக் கொடுத்த கண்ணாடிதான் இப்போது என் மோட்டாரில் இடதுபக்கம் இருக்கிறது. வலதுபக்கத்தை விடக் கொஞ்சம் பெரியது. நான் மாற்றவில்லை. இன்று காலை அதே ரோடு. முனையில் வேன் நின்றுகொண்டிருந்தது. என்னைத் தவிர ரோட்டில் வேறு வண்டி இல்லை. ‘போ’ என்று அக்கா கை காட்டினார். போனேன். அவர் மெதுவாகத் திரும்பிப் பின்னால் வருவது அந்தக் கண்ணாடியில் தெரிந்தது. சிக்னலில் வேன் என் பக்கத்தில் வந்து நின்றது. ஜன்னல் வழியே பிள்ளைகளின் தலைகளை எண்ணினேன்.

பதினொன்று.