இத்தாவும் சம்பா அறுவடையும்

லாத்தா, அதாவது என் அக்கா, இத்தா இருந்த அறையில் ஜன்னலையும் கண்ணாடியையும் வீட்டார் துணி போட்டு மூடியிருந்தார்கள். கணவன் இறந்தால் நான்கு மாதம் பத்து நாள் மனைவி அலங்காரமில்லாமல் வீட்டில் காத்திருப்பதுதான் இத்தா. அது மார்க்கத்தின் விதி. இருட்டும் துணியும் எங்கள் ஊர் தானாகச் சேர்த்துக்கொண்டது.

லாத்தாவின் கணவர், என் மச்சான், சவூதியில் இருந்த வருஷங்களில், முத்துப்பேட்டைக்கு வடக்கே இருக்கும் நிலத்தில் நாற்று விடுவதிலிருந்து எல்லாம் லாத்தாவின் பொறுப்பு. கார்த்திகையில் மச்சான் இறந்தார், எங்கள் பேச்சில் மௌத்தானார். தை பிறந்ததும் சம்பா முற்றிச் சாய ஆரம்பித்தது. "நீங்க இத்தா இருங்க மச்சி, அறுப்பை நான் பாத்துக்கிறேன்" என்றார் மச்சானின் தம்பி. இனிமையாகத்தான் சொன்னார். இந்த ஒரு அறுவடைக்கு வரப்பில் நிற்காவிட்டால், அப்புறம் நிலம் தன் கைக்குத் திரும்பாது என்று லாத்தாவுக்குத் தெரியும்.

எனக்குப் பொறுமை கிடையாது. கல்லூரியில் பெண்ணியம் படித்துவிட்டு மதத்தையே மூட்டை கட்டி வைத்தவள் நான். "துணியைக் கிழிச்சுப் போட்டுட்டு வா. யார் தடுக்குறாங்கன்னு பாக்கலாம்" என்றேன்.

"அல்லாவை மீறிப் போயி நெல்லறுக்க என்னால ஆகாதுடி" என்று சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். எனக்குக் கோபத்தில் அழுகை வந்துவிட்டது.

எங்கள் தெருவில் பெண்கள் மதரஸா நடத்தும், மார்க்கக் கல்வி முடித்த ஆலிமாவைக் கூட்டிக்கொண்டு வந்தேன். வயது நாற்பது இருக்காது. லாத்தா சொன்னதை முழுக்கக் கேட்டுவிட்டு, அங்கேயே உட்கார்ந்து பள்ளிவாசலில் தொழுகை நடத்தும் ஹஜ்ரத்துக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார்.

"ஹஜ்ரத், இத்தாவுல இருந்த ஒரு பெண்மணி பேரீச்சம்பழம் பறிக்கக் கெளம்பினாங்க. ஒருத்தர் தடுத்தாரு. நபிகள் நாயகம் போகச் சொன்னாங்க. நீங்களும் ஓதின ஹதீஸ்தான்."

"அவங்க தலாக் ஆனவங்கம்மா. இவங்க புருஷன் மௌத்தானவங்க."

"வீட்டைவிட்டுப் போகக் கூடாதுன்னு குர்ஆன் நேரடியாச் சொன்னதே தலாக் ஆனவங்களைத்தானே, ஹஜ்ரத். அவங்களுக்கே தோட்டத்துக்குப் போக வழி இருந்துச்சுன்னா, இவங்களுக்கு?"

"போகலாம். பகல்ல போயிட்டு ராத்திரி வீட்டுக்கு வந்துடணும். மார்க்கக் கிதாபுல இருக்கறதுதான். இந்த ஊர்ல யாரும் கேட்டதில்ல" என்றார் ஹஜ்ரத்.

வேதத்துக்குப் பொருள் சொல்வது யார் என்று கேளுங்கள் என்றன நான் படித்த புத்தகங்கள். ஆலிமா கேட்டதோடு நிற்காமல் பொருளும் சொல்லிவிட்டார். எனக்கு அவரைக் கட்டிக்கொள்ள வேண்டும்போல இருந்தது.

மறுநாள் காலை ஆட்டோவிலிருந்து இறங்கிய லாத்தாவுக்கு வெயிலில் கண் கூசியது. அறுவடை மிஷின் பள்ளத்து வயலில் இறங்கத் தயாராக நின்றது. "மேட்டு வயல்லேருந்து ஆரம்பிங்க. பள்ளத்துல ஈரம் காயல, மிஷின் சிக்கிக்கும்" என்றாள். டிரைவர் அங்கே நின்ற மச்சானின் தம்பியைப் பார்த்தார். பிறகு லாத்தாவைப் பார்த்தார். மிஷின் மேட்டுக்குத் திரும்பியது.

எங்களோடு வந்து வரப்பில் நின்றிருந்த ஆலிமாவிடம், இவ்வளவு சின்ன விஷயத்தைத் தேடிப் படிக்க எப்படித் தோன்றியது என்று கேட்டேன்.

"நான் இத்தா இருந்தப்ப எங்க வாப்பா மௌத்தானாங்க. அடுத்த தெருவுல வீடு. மையத்தை, அவங்க முகத்தைக் கடைசியா ஒரு தடவ பாக்க என்னை விடல" என்றார். "அப்புறம்தான் மதரஸாவுல ஓதப் போனேன். ஹஜ்ரத்துக்கு அன்னைக்கும் தெரிஞ்சிருக்கும். எனக்குத்தான் கேக்கத் தெரியல."