பெயரில்லாத நடிகை

2009இல் நான் திரைப்படக் கல்வியில் இறுதியாண்டு படித்துக்கொண்டிருந்தேன். எங்கள் குடும்பத்தில் ஒழுங்காகப் பள்ளிக்கூடம் போய்ப் பல்கலைக்கழகம்வரை வந்த முதல் ஆள் நான். அதைச் சொல்ல ஒருபோதும் கூச்சப்பட்டதில்லை. எல்லாரும் எடுக்கும் தலைப்பை எடுக்க மனம் இடம் தரவில்லை. லண்டனின் குட்மேய்ஸ் பகுதியில் இருந்த அப்பாவின் கடைக்கு பீட்ரூட் வாங்க வரும் ரஷ்ய மூதாட்டியை ஆய்வுக்கு எடுத்தேன். சோவியத் காலத்தில் தான் சினிமா நடிகை என்று அவர் சொல்லியிருந்தார்.

அப்பா நம்பவில்லை.

"நடிகையெண்டால் ஏன் பிள்ளை, பஸ்ஸிலை வந்து தக்காளியை ஒவ்வொண்டா அமத்திப் பாக்கிறா?"

"நடிகையும் சாப்பிடத்தானே வேணும், அப்பா."

"ஓம், ஓம். அப்ப நானும் ஊரிலை பெரிய ஹீரோ எண்டு எழுதிவிடு."

சனிக்கிழமைகளில் அருகே பார்க்கிங் என்ற ஊரில் இருந்த அவருடைய பிளாட்டுக்குப் போவேன். பேசத் தொடங்குமுன் டெலிபோன்மீது ஒரு தலையணையை வைத்து அமுக்குவார். யாராவது ஒட்டுக்கேட்பார்களாம். "உன்னை அனுப்பியது யார்?" என்று ஒவ்வொரு முறையும் கேட்பார். நாங்கள் பேசியது ஆங்கிலத்தில்.

தொழிற்சாலை நாடகக் குழுவிலிருந்து சினிமாவுக்குத் தெரிவானாராம். முதலில் டிராக்டர் ஓட்டும் பெண். பிறகு போர்முனைத் தாதி. முப்பது வயதிலேயே நரைமுடி ஒட்டிக்கொண்டு மகனை இழந்த தாய். கணவரோடு நாட்டைவிட்டு வெளியேறியபின் கேமரா முன் நிற்கவே இல்லை. லண்டனில் தையல் வேலை.

அவர் சொன்ன தாதிப் படத்தைத் தேடிப் பார்த்தேன். மூக்கு அவருடையது போலத்தான் இருந்தது. ஆனால் ரஷ்ய எழுத்துகளைப் பழகிக்கொண்டு நடிகர் பட்டியலை வாசித்தபோது அவர் பெயர் அதில் இல்லை.

"வெளியேறியவர்களின் பெயரை வெட்டிவிடுவார்கள். முகத்தை வெட்டினால் படம் கெட்டுவிடும், அதனால் முகம் மட்டும் மிஞ்சும்" என்றார்.

அப்படி நடந்ததுண்டு என்று என் விரிவுரையாளரும் ஒப்புக்கொண்டார். "ஆனால் அந்த முகம் இவர்தான் என்பதற்கு என்ன சான்று? அது இல்லாமல் இந்த ஆய்வு தேறுவது கஷ்டம்."

அடுத்த சனிக்கிழமை லேப்டாப்பில் படத்தை ஒலியில்லாமல் ஓடவிட்டு, வசனத்தைச் சொல்லச் சொன்னேன். சொன்னார். திரையில் இருந்த பெண்ணின் உதடுகளோடு ஒரு சொல்கூடப் பிசகவில்லை. ஆனாலும் என் வாய் சும்மா இருக்கவில்லை.

"பல தடவை பார்த்த ரசிகைக்கும் இது முடியும், இல்லையா?"

லேப்டாப்பை மூடி என் கையில் தந்து, கதவைத் திறந்துவிட்டார்.

ஆய்வை ஒப்படைக்கும் நாள் நெருங்கியிருந்தது; வேறு தலைப்புக்கு நேரமில்லை. மறுபடியும் போனேன். சங்கிலி மாட்டிய கதவு விரலளவு திறந்தது.

"நீ மாணவி என்பதற்கு என்ன சான்று?"

அடையாள அட்டையை இடுக்கு வழியே நீட்டினேன். நெடுநேரம் பார்த்தார்.

"இது உன் உண்மையான பெயரா?"

அப்பா பிரான்சிலிருந்து லண்டனுக்கு வந்தது வேறொருவரின் பாஸ்போர்ட்டில். விசாவும் வேலையும் அந்தப் பெயரிலேயே அமைந்துவிட்டன. எங்கள் வழக்கப்படி தகப்பன் பெயர் பிள்ளையின் பெயருக்குப் பின்னால் வரும். என் எல்லாச் சான்றிதழ்களிலும் முகம் தெரியாத ஒருவரின் பெயர்தான் வருகிறது. வீட்டுக்கு வெளியே இதை மூச்சுவிடக் கூடாது. ஓம் என்று சொல்லிவிடுவது சுலபம். அவரோ என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"முன்பாதி என்னுடையது. பின்பாதி என் அப்பாவின் பெயர் அல்ல."

"யாருடையது?"

"தெரியாது."

சங்கிலி கழன்றது.

அன்று அவர் சொன்னதையெல்லாம் எழுதிக்கொண்டேன். அவரை முழுதாக நம்பினேனா என்றால், இன்றுவரை இல்லை. ஆய்வின் முதல் பக்கத்தில், அந்தப் படத்தில் தாதியாக நடித்தவர் என்று அவருடைய முழுப்பெயரை எழுதினேன். இதற்குச் சான்று கிடைக்கவில்லை என்பதையும், மதிப்பெண் குறையும் என்று தெரிந்தே, அடுத்த வரியில் எழுதினேன்.