மோலி சொல்லும் பொய்கள்

“இந்த ரோட்டை கவர்மென்ட்தானே போட்டுக் குடுத்தாங்க?” என்று கேட்டுவிட்டு, மோலி கேமராவுக்குப் பக்கத்தில் அப்பாவியாக உட்கார்ந்திருக்கிறாள். சுத்தப் பொய். கேள்வி கேட்டால் கூச்சப்படுகிற ஜனம், தப்பாக எதையாவது சொன்னால் மட்டும் திருத்த ஓடி வரும் என்பது அவள் கண்டுபிடிப்பு.

வீடு மைசூர் விஜயநகரில். கொள்ளேகால் தாண்டி, கோபிநத்தம் பக்கத்துக் காட்டோர ஊர்களில், யாரும் எழுதி வைக்காத கதைகளை ஆவணப்படமாக எடுப்பது வேலை. கேமரா பிடிப்பவர் கணவர் லெஸ்லி. ஞாயிறு தவறாமல் மாதா கோயிலுக்குப் போகிறவர். “இத்தனை பொய்க்கும் பாவசங்கீர்த்தனத்துல என்ன சொல்லுவே?” என்பார். “ஃபாதருக்குப் படத்தைப் போட்டுக் காட்டுவேன். நீ சும்னே இரு” என்பாள், கன்னடத்தையும் கலந்து.

அப்படி ஓர் ஊரில், பாறையை உடைத்துப் பாதை போட்ட கதையை ஊர்ப் பெரியவர் நஞ்சுண்டசாமி ஏற்கெனவே சொல்லியாயிற்று. “நான்தான் முன்னால நின்னு ஒடைச்சேன்” என்று மீசையை வேறு தடவிக்கொண்டார். பெண்களோ, “ஐயா சொன்னாப்பலதானுங்க” என்பதற்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை. அப்போதுதான் மோலி கவர்மென்ட்டை இழுத்தாள். விறகுக் கட்டோடு போய்க்கொண்டிருந்த வடிவு அதைக் கீழே போட்டாள்.

“எந்தக் கவர்மென்ட்டுங்க? பிரசவத்துக்குத் தூக்கிட்டுப் போன பொண்ணு வழியிலயே செத்துப்போனா. அடுத்த நாளே பொம்பளைங்க நாங்கதான் கடப்பாரையை எடுத்தோம். நஞ்சுண்டண்ணனா? அவரு மாமியார் ஊட்டுல கறி விருந்து தின்னுட்டு இருந்தாருங்க!”

படம் முடிந்து விஜயநகரில் ஒரு சின்னக் கூடத்தில் திரையிட்ட அன்று, ஊரே வேன் பிடித்து வந்துவிட்டது. முன்வரிசையில், பட்டு வேட்டியில் நஞ்சுண்டசாமி. லெஸ்லி மோலியின் காதருகே குனிந்தார்.

“அந்தக் கறி விருந்தை வெட்டிடலாம் மோலி. அப்புறம் ஊருக்குள்ள விட மாட்டாங்க.”

மோலிக்கும் பயம்தான். ஆனால் வெட்டவில்லை.

திரையில் பெரியவர் பாறை உடைத்து முடித்த கையோடு வடிவு வந்தாள். கறி விருந்து என்றதும் கூடம் சிரிப்பில் அதிர்ந்தது. நஞ்சுண்டசாமி எழுந்தார். அவர் நிழல் திரையில் வடிவின் முகத்தை மறைத்தது.

“நிறுத்தும்மா படத்தை!”

சிரிப்பு சட்டென்று அடங்கியது. பின்வரிசையில் இருந்த வடிவு தலையைக் குனிந்துகொண்டாள். லெஸ்லியின் கை பொத்தானை நோக்கிப் போனது.

“உக்காருங்க” என்றாள் பெரியவரின் மனைவி சாமியாத்தாள். படப்பிடிப்பு நடந்த நாளெல்லாம் கேமராவைக் கண்டாலே அடுப்படிக்குள் போய்விட்டவள். “கொழம்பு வெச்சது எங்கம்மாதானுங்க. உங்களுக்கு எலையைப் போட்டுட்டு வந்துதான் நானும் கல்லுச் சொமந்தேன்.”

நஞ்சுண்டசாமி உட்கார்ந்தார்.

மோலி பையிலிருந்து சின்ன மைக்கை எடுத்துக்கொண்டு, திரையை மறைக்காமல் குனிந்தபடியே போய், சாமியாத்தாளின் முந்தானையில் குத்திவிட்டாள்.