வாய் திறக்காத அப்பா

என் தம்பி கதை எழுதுகிறவன். எங்கள் குடும்பத்தில் வேறு யாருக்கும் அந்த வியாதி கிடையாது. மின்சார ஆபீசில் குமாஸ்தாவாக இருந்து ரிட்டயர் ஆனான். அங்கேயும் மேசைக்குக் கீழே எழுதிக்கொண்டுதான் இருந்திருப்பான்.

எழுதியதைக் கத்தரியால் துண்டு துண்டாக வெட்டி, தரையில் பரப்பி, இடம் மாற்றி மாற்றிப் பசை போட்டு ஒட்டுவான். வீட்டில் கால் வைக்க இடம் இருக்காது. அவன் பெண்டாட்டி பொறுத்துப் பார்த்துவிட்டு, மத்தியான நேரத்தில் அவனை என் தலையில் கட்டிவிட்டாள். என் வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்த பிறகு முன்னறை சும்மாதான் கிடந்தது.

இப்போது எழுதுவது எங்கள் அப்பாவைப் பற்றி. அப்பா தையல்காரர். அவர் செத்துப்போனபோது இவன் அரைக்கால் சட்டைப் பையன். எனக்குப் படிக்கத் தெரியாது என்பதால் அவனே வாசித்துக் காட்டினான். ஊசியில் நூல் கோக்கும்போது நாக்கைத் துருத்துவது, காதில் சாக்குக்கட்டி செருகுவது எல்லாம் அச்சு அசல் அப்பாதான். ஆனால் மனுஷன் பேசவே இல்லை.

"என்னடா, அப்பாவ ஊமையாக்கிட்ட?" என்றேன்.

கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். "முகம் வருது, கை வருதுக்கா. குரல் மட்டும் வரல. அது இல்லாம இந்தப் புத்தகத்த முடிக்க முடியாது."

அப்பா மாதிரி பேசிக் காட்டு என்று கெஞ்சினான். நான் என்ன நாடகக்காரியா? இருந்தாலும் தொண்டையைக் கனைத்துப் பேசிப் பார்த்தேன். சளி பிடித்த கிழவி மாதிரி இருந்தது. இரண்டு பேரும் சிரித்தோம். அப்புறம் அவன் முகம் விழுந்துவிட்டது. காகிதத்தைச் சுருட்டிக்கொண்டு போனவன், பல நாள் இந்தப் பக்கமே வரவில்லை.

மறுபடி வந்த அன்று நான் அடுப்படியில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். முன்னறையில் சரக் சரக்கென்று சத்தம். எனக்குப் பழக்கமான சத்தம். எட்டிப் பார்த்தால், தன் கத்தரியை மறந்துவிட்டு வந்தவன், பீரோவிலிருந்து அப்பாவின் துணிக் கத்தரியை எடுத்துக் காகிதம் வெட்டுகிறான். காகிதம் பட்டால் அது மழுங்கிப்போகும். தையல்காரன் வீட்டில் பிறந்தவன் செய்கிற காரியமா?

"அடேய் சோத்துமூட்ட, காகிதத்துல வச்ச கத்தரி துணியக் கடிக்குமாடா? வெட்டியே தீரணும்னா உன் மூக்க வெட்டிக்க. மூக்காவது முளைக்கும், கத்தரி முளைக்குமா?"

யோசித்துச் சொல்லவில்லை. அதுவாக வாயில் வந்தது.

கத்தரியைப் பொத்தென்று போட்டுவிட்டுக் கைகளை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டான். பேரன் எடுத்தவன். கண் கலங்கியிருந்தது.

"அக்கா, அது அப்பா."

நான் ஈரக் கையோடு நின்றேன். அவனைச் சோத்துமூட்ட என்று கூப்பிட்டவர் அப்பா ஒருத்தர்தான்.

"இன்னும் கொஞ்சம் திட்டேன்கா."

"போடா." கேட்டால் வருமா அது?

அன்று வெளிச்சம் போகும்வரை எழுதினான். மறுநாள் நல்ல பிள்ளையாகத் தன் கத்தரியைக் கொண்டுவந்திருந்தான். அதைப் பிடுங்கி இடுப்பில் செருகிக்கொண்டேன். அப்பாவின் கத்தரியை அவன் காகிதத்தின் மேல் வைத்துவிட்டு, அடுப்படிக்குப் போய்ச் சத்தத்துக்காகக் காத்திருந்தேன்.