பாப்பாத்தியம்மாளின் எமோட்டிகான்கள்

ஹார்ட் டிஸ்க்கை ஃபார்மட் செய்து விண்டோஸ் ஏற்றி முடித்த பிறகுதான், நான் எதை அழித்தேன் என்று தெரிந்தது.

அப்போது சேலம் ஃபேர்லேண்ட்ஸில் ஒரு மாடி அறையில் தனியாளாகக் கம்ப்யூட்டர் சர்வீஸ் செய்துகொண்டிருந்தேன். கஸ்டமர் வந்தால்தான் பேச்சு; வராத நாளில் ஃபேன் சத்தம் மட்டும். நாமக்கல் பக்கம் கோழிப்பண்ணை வைத்திருந்த வேலுச்சாமி ஒரு பழைய சிஸ்டத்தைக் கொண்டுவந்தார். விண்டோஸ் பாதியிலேயே நின்றுவிடுகிறது.

"எப்படியாச்சும் ஓட வெச்சுக் குடுங்க. ஊட்டுல அவ இது முன்னாடியேதான் உக்காந்திருப்பா."

வழக்கம்போல போட்டோ, டாக்குமென்ட் ஃபோல்டர்களைப் பேக்கப் எடுத்துவிட்டு ஃபார்மட் போட்டேன்.

திரும்ப எடுத்துப்போக மனைவி பாப்பாத்தியம்மாளையும் அழைத்து வந்தார். சிறு வயதுக் காய்ச்சலில் காது போனவர். பேச்சும் வரவில்லை, படிப்பும் இல்லை. மவுஸைப் பிடித்து ஸ்கிரீனின் ஒரு மூலைக்குப் போனார். அங்கே எதுவும் இல்லை. ஒன்றுமில்லாத அந்த இடத்திலேயே இரண்டு முறை கிளிக் செய்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"அந்த மெசஞ்சர் எங்கீங்க?" என்றார் வேலுச்சாமி.

"அதைக் கம்பெனிக்காரனே நிறுத்தி ரொம்ப நாளாச்சுங்களே. இனி அதுல யார்கிட்டயும் பேச முடியாதுங்க."

"பேசறதுக்கு ஆளும் இல்லீங்க. பையன் துபாய்ல தவறிட்டான்."

மகன் குமார், அம்மாவுக்காகவே எமோட்டிகான், அதாவது சொல்லுக்குப் பதிலாக அனுப்பும் குட்டிப் படங்கள், செய்திருக்கிறான். வீட்டில் எடுத்த போட்டோக்களை வெட்டி, விரல்நக அளவுக்குச் சுருக்கி மெசஞ்சரில் ஏற்றியிருக்கிறான். அவன் ஒரு படம் அனுப்புவான். அம்மா பதிலுக்கு ஒன்றைக் கிளிக் செய்வார். மெசஞ்சர் நின்ற பிறகும் அந்தப் படங்கள் இருக்கும் கட்டம் மட்டும் திறந்திருக்கிறது. அதைத்தான் அவர் தினமும் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்.

அந்த மாதிரிப் படங்கள் ஹிட்டன் ஃபோல்டரில், படம் என்றே தெரியாத பெயரில் கிடக்கும். எனக்குத் தெரிந்த விஷயம்தான். ஃபார்மட் போடும் முன் தேடிப் பார்க்கவில்லை.

"ரெண்டு நாள் குடுங்க" என்று மட்டும் சொன்னேன். முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியவில்லை.

அழிந்ததை மீட்கும் ரெக்கவரி சாஃப்ட்வேர் ஆயிரக்கணக்கான சிறு படங்களை அள்ளிக் கொட்டியது. வெப்சைட் பட்டன், அம்புக்குறி, விளம்பரம் எல்லாம் கலந்து கிடந்தன. பெயர்கள் போய் வெறும் நம்பர். மூன்றாம் நாள் காலையில் இருவரும் வந்தார்கள்.

"இதுல உங்க பையன் செஞ்சது எதுங்க?"

"எனக்கெங்கீங்க தெரியும்? அவங்க ரெண்டு பேரும் பேசறப்ப நான் பண்ணைல இருப்பேன்."

பாப்பாத்தியம்மாளை உட்காரவைத்தோம். நான் நகர்த்த நகர்த்த அவர் விரல் வைத்தார். வெள்ளைத் தட்டு வந்தது. கையை வாய்க்குக் கொண்டுபோனார். சொட்டும் தகரக் கூரை வந்தது. விரல்களை மேலிருந்து கீழே உதிர்த்தார். மத்தியானம் வரை முப்பத்தொரு படங்கள் கிடைத்தன.

அதில் ஒன்று வார் தைத்த செருப்பு.

"இது என்ற செருப்பு, நான் போட்டது. இதெதுக்கு?" என்று கையாலும் கேட்டார் வேலுச்சாமி.

அந்த அம்மாள் அவரைச் சுட்டினார். பிறகு உள்ளங்கையை விரித்து இப்படியும் அப்படியும் திருப்பினார். அப்பா எங்கே?

"தெனமுமா கேட்டான்?"

உதட்டைப் பார்த்துப் புரிந்துகொண்டு தலையாட்டினார். வேலுச்சாமி எழுந்து வெளியே போய் மாடிப்படியில் உட்கார்ந்துகொண்டார்.

அந்த அம்மாள் மட்டும் சாயங்காலம் வரை இன்னொரு படத்தைத் தேடினார். என்ன படம் என்று கேட்டோம். இரண்டு கையையும் குவித்து நெஞ்சில் வைத்து, மெல்லத் திறந்து காட்டினார். திரும்பத் திரும்பக் காட்டினார். எங்கள் இருவருக்கும் புரியவில்லை. கடைசி வரை அது வரவில்லை. நான் ஏற்றிய விண்டோஸ் அதன் மேல் எழுதி அழித்திருக்கும்.

இந்த வேலைக்கு வருகிறவர்களுக்குச் சொல்வது இதுதான். முழு டிஸ்க்கையும் காப்பி எடுக்காமல் ஃபார்மட்டில் கை வைக்காதீர்கள். எது வேண்டும் என்பதைச் சிஸ்டத்தைத் தூக்கி வருகிறவரிடம் கேட்பதோடு நிறுத்திவிடாதீர்கள். அதைப் பயன்படுத்துகிறவரை வரச்சொல்லிக் கேளுங்கள். நான் பாப்பாத்தியம்மாளைக் கேட்டிருக்க வேண்டும்.